யோனாஸின் வலது தொடை

தொடையாம். வலது தொடையின் உள்பக்கமாம். இரண்டு மணி நாற்பது நிமிடம் இந்த டென்னிஸ் கோர்ட்டின் மூலை முடுக்கெல்லாம் ஓடித் தீர்த்தவனுக்கு, மூன்றாவது செட்டில் நான் ஐந்துக்கு நாலு என்று முந்தி, அடுத்த கேம் என் சர்வ், அதை எடுத்துவிட்டால் மேட்ச்சே எனக்கு என்று ஆன பிறகுதான் பிடித்துக்கொண்டதாம். பெஞ்சில் உட்கார்ந்ததும் உட்காராததுமாக யோனாஸ் கையைத் தூக்கினான். அம்பயர் மைக்கில் பிரெஞ்சில் ஏதோ சொன்னார். சிவப்புப் பையோடு பிசியோ பெண் வந்தாள், தொட்டுப் பார்த்தாள், அமுக்கிப் பார்த்தாள், அம்பயரைப் பார்த்துத் தலையாட்டினாள். மெடிக்கல் டைம் அவுட், மூன்று நிமிடம். ஸ்கோர்போர்டில் ஸ்கோரை எடுத்துவிட்டு 3:00 என்று போட்டார்கள், அது இப்போது 2:48. டவலை விரித்து மல்லாந்து கிடக்கிறான் பத்தொன்பது வயசு டச்சுக்காரன், நல்ல உயரம், நல்ல பல், நல்ல பேக்ஹேண்ட், முகத்தில் மட்டும் பிரசவ வேதனை. நான் கூரையைப் பார்க்கிறேன். தகரக் கூரை, நீள நீள விளக்குகள், அதில் ஒன்று காலையிலிருந்து துடித்துக்கொண்டே இருக்கிறது. வட பிரான்ஸில் ஒரு ஊர். பெயரை வந்த நாளிலிருந்து நான் தப்பாகத்தான் சொல்கிறேன் என்று ஹோட்டல்காரி சிரிக்கிறாள். இது டி.வி.யில் காட்டுகிற டென்னிஸ் இல்லை. அதற்கு ஒரு படி கீழே, அங்கே ஏற முடியாதவர்களும் அங்கிருந்து விழுந்தவர்களும் ஒருவரையொருவர் அடித்துக்கொள்ளும் இரண்டாம் நிலைப் போட்டி. கேலரியில் அறுபது பேர் இருந்தால் அதிகம், அதில் பத்துப் பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள். இருக்கட்டும். உலகத் தரவரிசையில் நான் இருநூற்று நாற்பத்தொன்று. இந்தக் காலிறுதியை ஜெயித்தால் இருநூற்று இருபதுக்குள் வந்துவிடுவேன். திங்கட்கிழமை மெல்போர்னுக்குப் பட்டியல் எடுக்கிறார்கள், ஜனவரியில் நடக்கும் பெரிய போட்டி, கிராண்ட் ஸ்லாம், அதன் தகுதிச் சுற்றுக்கு. முப்பத்து மூன்று வயதாகிறது, பதினைந்து வருடமாக ஆடுகிறேன், ஒரு முறைகூட அந்த வாசலுக்குள் கால் வைத்ததில்லை. இன்றைக்குத் தோற்றால் இருநூற்று நாற்பத்தொன்று அப்படியே நிற்கும், பட்டியல் எனக்கு மேலேயே முடிந்துவிடும். நாலு பாயிண்ட். நாலே நாலு பாயிண்ட் எடுத்தால் போதும். 2:31.

சூடு இறங்குகிறது. அதுதான் பயலுக்கு வேண்டியது. வியர்வை முதுகில் ஆறிச் சில்லிட ஆரம்பித்துவிட்டது, ஹீட்டர் ஓடுகிறது என்று சொல்கிறார்கள், எங்கே ஓடுகிறதோ. ஜாக்கெட்டைப் போட்டுக்கொள்ளலாம், ஆனால் ஜாக்கெட் போட வலது கையைத் தூக்க வேண்டும், தூக்கினால் தெரிந்துவிடும். என்ன தெரிந்துவிடும்? ஒன்றும் இல்லை. தோள் நன்றாக இருக்கிறது. தோள் நன்றாகத்தான் இருக்கிறது என்று இரண்டாவது செட் ஆறுக்கு ஆறில் நின்று போன டைபிரேக்கரிலிருந்து சொல்லிக்கொண்டிருக்கிறேன், தோள்தான் ஒப்புக்கொள்ள மாட்டேன் என்கிறது. தலைக்கு மேல் வந்த பந்தை ஓங்கி அடித்தேன், பாயிண்ட் கிடைத்தது, உள்ளே ஏதோ ஒன்று இடம் விட்டு இடம் போனதும் கேட்டது. கேட்டது என்றால் காதில் இல்லை, பல்லில். அதற்கப்புறம் என் சர்வின் வேகம் போர்டில் இறங்கிக்கொண்டே வருகிறது. நூற்றுத் தொண்ணூறு கிலோமீட்டர், நூற்று எழுபது, நூற்று ஐம்பது. வேண்டுமென்றே சுழற்றிப் போடுகிறவன் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டேன், யோனாஸும் நம்பி, பந்து எகிறும் என்று மூன்று மீட்டர் பின்னால் தள்ளி நிற்க ஆரம்பித்தான். முகம் நூற்றுத் தொண்ணூறில் இருந்தால் போதும், பந்தை யார் பார்க்கிறார்கள். ஆனால் அது சூடாக இருக்கும்வரைதான். எதிராளிக்கு வைத்தியம் நடக்கும்போது மற்றவன் எழுந்து போய் நாலு சர்வ் போட்டுப் பார்ப்பது எங்கள் தொழிலில் வழக்கம், உடம்பு ஆறிவிடக் கூடாது என்று எல்லோரும் செய்வார்கள், அம்பயரும் கண்டுகொள்ள மாட்டார். நான் எழுந்தால் அந்த நாலு சர்வையும் அவன் படுத்துக்கொண்டே பார்ப்பான். அவன் கோச் பார்ப்பான், தொப்பி போட்ட குண்டன், கேலரியின் முதல் வரிசையில் நோட்டோடு உட்கார்ந்திருக்கிறான். கை தலைக்கு மேல் போகவில்லை என்பது தெரிந்த மறு நிமிடம் பந்தையெல்லாம் ஆகாயத்துக்குத் தூக்கியே கொல்வார்கள். எழாவிட்டால் தோள் இறுகும். எழுந்தால் தெரியும், உட்கார்ந்தால் இறுகும். எழுந்தால் தெரியும். பிசியோவை நானும் கூப்பிடலாம், கூப்பிடுவதும் எழுவதும் ஒன்றுதான். ஆகவே இந்தத் தம்பி தவசிக்குமார் என்ன செய்கிறார் என்றால், கால் மேல் கால் போட்டுக்கொண்டு இடது கையால் வாழைப்பழம் உரிக்கிறார். பார்க்கிறவர்களுக்கு எவ்வளவு நிம்மதியான மனிதன். 2:09.

"ஏய் தவசி! என்னடா கல்யாண வீட்டுல உக்காந்த மாதிரி உக்காந்திருக்க? எந்திரி!" என் பெஞ்சுக்குப் பின்னால் இரண்டாவது வரிசையிலிருந்து அக்காவின் குரல். இப்போதெல்லாம் வெளியே இருந்து கோச் ரெண்டு வார்த்தை சொல்லலாம் என்று விதியைத் தளர்த்திவிட்டார்கள். அதை எழுதியவர்கள் என் அக்கா வேல்மயிலை மனதில் வைத்து எழுதவில்லை. அருப்புக்கோட்டை அரசு மேல்நிலைப் பள்ளியின் பி.டி. டீச்சர், பதினைந்து நாள் லீவு போட்டுவிட்டு எனக்குக் கோச்சாக வந்திருக்கிறாள், முதல் விமானப் பயணம், சுடிதார் மேல் என் ஜெர்கின், காதைச் சுற்றி மஃப்ளர். ஆயிரம் பிள்ளைகளை மைதானத்தில் மேய்த்த தொண்டை. இந்தக் கூரைக்குக் கீழே தமிழ் தெரிந்த இன்னொரு ஜீவன் கிடையாது என்று கண்டுபிடித்த நாளிலிருந்து அவள் ரகசியம் எல்லாவற்றையும் கத்தியே சொல்கிறாள். "அவன் நடிக்கான்டா! நான் பாத்துக்கிட்டேதான இருக்கேன், போன கேம்ல நெட்டுக்கிட்ட விழுந்த ட்ராப் ஷாட்டுக்கு எப்படி ஓடியாந்தான்? தொட புடிச்சவன் அப்படி ஓடுவானா? எந்திரிச்சு நாலு போடு, ஒடம்பு ஆறிப்போயிரும்." நான் திரும்பாமல் கையை மட்டும் காட்டினேன், இரு இரு என்று. "என்ன இரு? எங்க ஸ்கூல் பிள்ளைக பரீச்சைக்கு முந்தின நாள் வயித்த வலிக்குதுன்னு வரும்ல, அதே மூஞ்சிடா இது. அதே மூஞ்சி." அம்பயர் எங்கள் பக்கம் பார்த்தார். அக்கா அவருக்கு ஒரு சிரிப்புச் சிரித்து, கும்பிடும் போட்டாள். அந்த ஆளுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை, அவரும் லேசாகத் தலை குனிந்தார். நன்றாக இருக்கிறது அக்கா, வெகு நன்றாக இருக்கிறது, நீ நாலு போடச் சொல்கிறாய், நான் ஒன்று போட்டாலே முடிந்தது. அவளிடம் சொல்லவில்லை. அவளிடம் சொல்வது எனக்கே சொல்வது மாதிரி. மார்ச் மாதம் மதுரையில் அந்த எலும்பு டாக்டர் தோள்பட்டை ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டியபோது அவள் வெளியே டோக்கன் வரிசையில் நின்றாள், உள்ளே நான் மட்டும். "தசைநார் பாதி கிழிஞ்சிருக்கு சார். மீதியும் போச்சுன்னா தலைக்குச் சீப்பு போட முடியாது." வெளியே வந்து அவளிடம் சதைப் பிடிப்பு என்றேன். பி.டி. டீச்சரிடம் சதைப் பிடிப்பு என்று பொய் சொல்லித் தப்பிய முதல் ஆள் நானாகத்தான் இருப்பேன்.

சீப்பு. அந்த ஆள் ஏன் சீப்பைச் சொன்னார். சர்வ் போட முடியாது என்று சொல்லியிருக்கலாம், மட்டை பிடிக்க முடியாது என்று சொல்லியிருக்கலாம், அதையெல்லாம் துடைத்துப் போட்டிருப்பேன். சீப்பு மட்டும் அப்படியே நிற்கிறது. தினமும் காலையில் தலை வாரும்போது கை மேலே போகிறதா என்று பார்க்கிறேன், போனால் இன்னொரு நாள். இன்று காலையில் போயிற்று. இப்போது போகுமா? விரலை மடக்கினேன், மடங்குகிறது. முழங்கையை மடக்கினேன், மடங்குகிறது. மட்டையைத் தொடைமேல் வைத்து முழங்கையை மெல்ல, யாரும் பார்க்காதபடி மெல்ல, வெளியே நகர்த்தினேன். மார்பு உயரம் வரை வருகிறது. அதற்கு மேல் ஒரு கதவு, கதவுக்குப் பின்னால் என்ன இருக்கிறதென்று எனக்குத் தெரியும், தள்ள மாட்டேன். பயமா? ஆமாம், பயம்தான், இதில் என்ன வெட்கம். ஆனால் போதும் என்று சொல்ல மட்டும் எவனுக்கும் உரிமை கிடையாது. சென்னை அகாடமியில் எனக்குக் கோச்சாக இருந்த டேனியல் சார் என் இருபத்தாறாவது வயதிலேயே சொன்னார், "போதும்பா, ஸ்போர்ட்ஸ் கோட்டாவுல ரயில்வே கெடைக்கும், உக்காரு." என் வீட்டுக்கு வந்து போனவர்கள் எல்லாம் சொன்னார்கள். தரவரிசையைக் கேட்டுவிட்டு, இருநூறா என்று உதட்டைப் பிதுக்கினார்கள். உலகத்தில் இருநூற்று நாற்பத்தொன்றாவது நல்ல டாக்டர் என்றால் காலில் விழுவார்கள், இருநூற்று நாற்பத்தொன்றாவது டென்னிஸ்காரன் என்றால் பாவம் பிள்ளை. பாவம் பிள்ளை வாழைப்பழத் தோலைப் பைக்குள் போடுகிறான். 1:34. பிசியோ இப்போது டேப் சுற்றுகிறாள், நீல டேப், சுற்றிச் சுற்றிச் சுற்றுகிறாள். யோனாஸ் கண்ணைத் திறந்து ஒரு கணம் என்னைப் பார்த்தான். நேராக முகத்தை இல்லை, தோளை.

பார்த்தானா? தோளைத்தான் பார்த்தானா, இல்லை எனக்குப் பின்னால் கடிகாரத்தையா? கடிகாரம் எனக்குப் பின்னால் இல்லை, பக்கத்தில். அப்படியானால் தோள்தான். அப்படியானால் தெரியும். தெரிந்துதான் படுத்தானா? என் தோள் ஆற வேண்டும் என்று தெரிந்தே தொடையைப் பிடித்துக்கொண்டானா? அவன் நடிக்கிறான் என்கிறாள் அக்கா. சரி, அவன் நடிக்கிறான். நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன்? அவன் இல்லாத வலியை அறுபது பேருக்கு முன்னால் காட்டுகிறான், நான் இருக்கிற வலியை அதே அறுபது பேருக்கு முன்னால் ஒளிக்கிறேன். பார்க்கப் போனால் என் நடிப்புத்தான் கஷ்டம். பரம்பரைத் தொழில் வேறு. அப்பா விருதுநகரில் ஆபீசர்ஸ் கிளப்பில் மார்க்கர். கோர்ட்டுக்கு உருளை ஓட்டி, தண்ணீர் தெளித்து, சுண்ணாம்புக் கோடு போட்டு, நெட் கட்டி, ஆள் சேராத அதிகாரிகளுக்கு எதிர்ப்பக்கம் நின்று ஆடுகிற ஆள். தோற்பதும் அந்த வேலையில் சேர்த்தி. அதிலும் பூஜ்யத்துக்கு ஆறு என்று தோற்கக் கூடாது, கிண்டல் செய்வதாகிவிடும். நாலுக்கு ஆறு, வியர்த்து விறுவிறுத்துத் தோற்க வேண்டும், "நல்ல ஷாட் சார், எடுக்கவே முடியல சார்" என்று சொல்ல வேண்டும். முப்பது வருடம் ஒருநாள் தவறாமல் நாலுக்கு ஆறு தோற்ற மனிதர். ஒரே ஒரு நாள் கை தவறி ஜெயித்துவிட்டார். ஐந்துக்கு ஐந்தில் பந்து நெட்டின் விளிம்பில் பட்டு அந்தப் பக்கம் செத்து விழுந்து அந்தக் கேமைக் கொடுத்தது, அதோடு அந்த அதிகாரி பதற்றத்தில் அடுத்த நாலு பந்தையும் வெளியே அடித்தார், அப்பா தடுக்க முடியாமல் ஜெயித்தார். அப்புறம் மூன்று மாதம் அப்பாவுக்கு உருளை மட்டும்தான், மட்டை கிடையாது. அக்காவும் நானும் அதைப் பார்த்தோம். அக்காவுக்குப் பதினாறு, எனக்குப் பதினொன்று. இன்றைக்கும் என் பாஸ்போர்ட்டில் இனிஷியலுக்குப் பதிலாக அப்பா பெயர் இருப்பதால் எந்த ஊர் அம்பயரும் என்னை அப்பா பெயர் சொல்லித்தான் கூப்பிடுகிறார்கள். அட்வான்டேஜ், முட்டிருலாண்டி. கேம், முட்டிருலாண்டி. இந்த அம்பயர் வாய்க்குள் கல்லைப் போட்டுக்கொண்டு சொல்வது போலச் சொல்கிறார். சொல்லட்டும், நன்றாகச் சொல்லட்டும், முத்திருளாண்டிக்கு ஒரு கேம் என்று மைக்கில் சொல்லி விருதுநகரில் யாரும் கேட்டதில்லை.

"தவசி." அக்கா இப்போது கத்தவில்லை. எழுந்து படியிறங்கி முதல் வரிசைக்கு, என் முதுகுக்கு நேர் பின்னால் வந்துவிட்டாள், ஜெர்கின் சரசரக்கிறது. "தவசி, ஜாக்கெட்ட ஏன்டா இன்னும் போடல?" தண்ணீர் பாட்டிலை எடுத்து இடது கையால் திறக்கப் பார்த்தேன், திறக்கவில்லை. "குளிருது, ஒடம்பெல்லாம் வேர்வை, ஜாக்கெட்டு மடியில கெடக்கு. பாட்டில வேற ஒத்தக் கையில திருகிக்கிட்டு இருக்க. தோளாடா?" இல்லை என்று தலையாட்டினேன். "என்னப் பாத்து ஆட்டு." நான் திரும்பவில்லை. 1:02. "எப்பருந்து?" "டைபிரேக்கர்லருந்து." "மதுரைல டாக்டர் சதப்பிடிப்புன்னா சொன்னாரு?" "இல்ல." "எனக்குத் தெரியும்டா நாயே. ரிப்போர்ட்ட அன்னைக்கே படிச்சிட்டேன். நீ சொல்லுவ சொல்லுவன்னு எட்டு மாசமாப் பாத்துக்கிட்டு இருக்கேன்." எட்டு மாதம். எட்டு மாதமாக அவளும் நடித்திருக்கிறாள், அதுவும் எனக்கு எதிரே உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே. பெரிய குடும்பம்தான் எங்கள் குடும்பம். "போதும், கையத் தூக்கிட்டு வந்துரு. இதுல ஒண்ணும் அசிங்கம் இல்ல. அவன் கூப்பிட்டான்ல அந்தப் பிள்ளைய, நீயும் கூப்பிடு. ஆட முடியலன்னு சொல்லிட்டு வா, போயி சுடு தண்ணி ஒத்தடம் குடுப்போம்." கை தூக்கினால்தானே அக்கா கூப்பிட முடியும் என்று சொல்ல வந்தேன், சிரிப்பு வந்தது, அதற்குப் பின்னாலேயே அழுகையும் வந்தது, இரண்டையும் முழுங்கினேன். "மாட்டேன்." "தவசி." "மாட்டேன்க்கா. நாலு பாயிண்டு. நாலு பாயிண்டுக்கு இந்தக் கை போகும்னா போகட்டும். அப்புறம் நீ தல சீவி விடு." "பேசுறான் பாரு." அவள் குரல் உடைந்தது. "சர்வ் எப்படிடா போடுவ? கை தலைக்கு மேல போகுமா? போகாதுல்ல? அப்ப எப்படிப் போடுவ?"

எப்படிப் போடுவேன். 0:38. இடது கையால் போடலாமா, கேலிக்கூத்து. மார்பு உயரத்தில் தள்ளிவிடலாமா, ஓடி வந்து பந்தை அறைந்துவிடுவான். மார்பு உயரம்வரை கை வருகிறது. இடுப்பு உயரத்தில் வலியே இல்லை. இடுப்பு உயரத்தில் ஃபோர்ஹேண்ட் ஒழுங்காகத்தானே அடித்துக்கொண்டிருக்கிறேன். அப்பா தொப்பை வைத்த அதிகாரிகளுக்கு இடுப்பு உயரத்தில்தான் சர்வ் போடுவார். மேலிருந்து போட்டால் அவர்களால் எடுக்க முடியாது, அதனால் கீழிருந்து, மெல்ல, மட்டையைத் தேடிப் போய் உட்காருவது போல. அடக்கமாக இருக்கும், மரியாதையாக இருக்கும், பார்க்கவே எனக்கு எரியும். விதிப்படி அதில் தப்பில்லை, ஆனாலும் டேனியல் சாரிடம் ஒரு முறை ஒருவன் விளையாட்டுக்கு அப்படிப் போட்டதற்கு எதிராளியை அவமானப்படுத்துகிறாயா என்று அவனை நாற்பது ரவுண்டு ஓடவிட்டார். இது எப்படி என்றே எனக்குப் புரியவில்லை, மேலே இருப்பவன் கீழே இருந்து போட்டால் அவமானமாம், கீழே இருப்பவன் போட்டால் மரியாதையாம். ஆனால் அதிகாரிகள் வண்டியேறிப் போன பிறகு அப்பா இன்னொன்று போடுவார். இருட்டுவதற்குள் ஒரு பத்து நிமிடம், அந்தப் பக்கம் அக்காவும் நானும். அதே கை, அதே இடுப்பு உயரம், கடைசி நொடியில் மட்டையைப் பந்துக்கு அடியில் கத்தி மாதிரி விட்டு இழுப்பார். பந்து நெட்டைத் தாண்டி விழுந்து, எழுந்திருக்காமல், பக்கவாட்டில் நழுவும். நாங்கள் ஓடி வந்து குப்புற விழுவோம், முழங்காலெல்லாம் செம்மண், அப்பா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார். யார் எடுக்காமல் விட்டார்களோ அவர்கள்தான் உருளை இழுக்க வேண்டும். முப்பது வருடம் அந்தச் சர்வைக் கையில் வைத்துக்கொண்டே அந்த மனிதர் நாலுக்கு ஆறு தோற்றிருக்கிறார், ஒருத்தருக்கும் அதைப் போட்டதில்லை. ஒருத்தருக்கும். யோனாஸ் மூன்று மீட்டர் பின்னால் நிற்பான். தொடை நிஜமாகவே பிடித்திருந்தால் பாவம்தான், நொண்டுகிறவனை ஓடவைப்பது என்ன நியாயம் என்று ஒரு கணம் தோன்றியது. தோன்றட்டும். தொடை நிஜமென்றால் என் தோளும் நிஜம், இரண்டு நொண்டிகள் ஆடி முடிப்போம். "அக்கா," என்றேன், முதல் முறையாகத் திரும்பினேன், அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். "அப்பா போடுவாரே, நீயும் நானும் விழுவோம்ல, அது." அவள் துடைப்பதை நிறுத்தினாள். நெட்டைப் பார்த்தாள், யோனாஸ் நிற்கப் போகும் இடத்தைப் பார்த்தாள், அளந்து பார்த்தாள், பி.டி. டீச்சர் அல்லவா. "நெட்டுக்கு ரொம்பக் கிட்டப் போடாத," என்றாள். "புதுப் பந்து வழுக்கும்."

டைம் என்கிறார் அம்பயர். எழுந்துவிட்டேன். தோள் இறுகித்தான் கிடக்கிறது, கிடக்கட்டும், அதற்கு இன்று வேலை இல்லை. யோனாஸ் அந்தப் பக்கம் போகிறான், நொண்டுகிறான், அழகாக நொண்டுகிறான், முதல் வரிசைக் கிழவி ஒருத்தி ஐயோ பாவம் என்கிற முகத்தோடு கை தட்டுகிறாள். முப்பத்து நாலு கேம் முடிந்து பந்து மாற்றும் முறை வந்திருப்பதால் புதுப் பந்துகள். டப்பாவைத் திறந்த மணம் என் வரை வருகிறது. பேஸ்லைனில் நின்று ஒரு பந்தை உயர்த்தி அவனுக்குக் காட்டுகிறேன், இடது கையால், புதுப் பந்து வருகிறது பார்த்துக்கொள் என்று காட்டுவது வழக்கம். காட்டியாயிற்று. எல்லா மரியாதையும் செய்தாயிற்று. அவன் பின்னால் போகிறான், இன்னும் பின்னால், குனிந்து மட்டையைச் சுழற்றுகிறான். பந்தை மூன்று முறை தட்டுகிறேன். பிசியோ சிவப்புப் பையைத் தூக்கிக்கொண்டு ஓரமாக நடந்து, பாயிண்ட் முடியட்டும் என்று அம்பயர் நாற்காலிக்குக் கீழே நிற்கிறாள். அவள் ஒருத்தி, அம்பயர் ஒருவர், அறுபது பேர், தொப்பிக்காரக் குண்டன், எல்லோரும் என் கை மேலே போகும் என்று காத்திருக்கிறார்கள். கை மேலே போகவில்லை. இடது கையிலிருந்து பந்து நழுவி விழுகிறது, இடுப்புக்குக் கீழே மட்டையை அடியில் விட்டு இழுக்கிறேன், வலியே இல்லை, ஒரு துளி வலி இல்லை, பந்து நெட்டைத் தாண்டுகிறது, விழுகிறது, நழுவுகிறது. யோனாஸ் ஓடி வருகிறான். என்ன ஓட்டம்! வலது காலை ஊன்றி ஒரு எட்டு, இரண்டு எட்டு, மூன்று எட்டு, நீல டேப் ஒன்றும் செய்யவில்லை, தொடை ஒன்றும் செய்யவில்லை, மட்டையை நீட்டிவிட்டான், எடுத்துவிடுவான், எடுத்தே விடுவான். நாலாவது எட்டில் அவனுக்கு உறைக்கிறது. முகத்தில் அது உறைப்பதை நான் பார்க்கிறேன். கால் நடுவில் நிற்கிறது, கை தொடைக்குப் போகிறது, பந்து அவன் மட்டைக்கு ஒரு சாண் முன்னால் இரண்டாவது முறை தரையில் விழுந்து உருண்டு போகிறது. பிசியோ பையைக் கீழே வைத்துவிட்டு அவனைப் பார்க்கிறாள். அம்பயரும் பார்க்கிறார். அப்புறம் என் முதுகுக்குப் பின்னாலிருந்து அருப்புக்கோட்டை மைதானம் முழுக்கக் கேட்கும்படி ஒரு சிரிப்பு. பிப்டீன் லவ். என் கை தூக்க வராது என்று இனி இந்தக் கூடத்தில் எல்லோருக்கும் தெரியும், தொப்பிக்காரன் நோட்டில் எழுதிக்கொண்டிருக்கிறான், எழுதட்டும், மறைக்க என்னிடம் ஒன்றும் மிச்சமில்லை. யோனாஸுக்குத்தான் இருக்கிறது. அவன் ஓடினால் அவன் தொடையில் ஒன்றுமில்லை என்று எல்லோருக்கும் தெரிந்துவிடும், ஓடாவிட்டால் பாயிண்ட் எனக்கு. இடது பக்கம் நடந்து போய் நிற்கிறேன், அடுத்த பந்தையும் கீழிருந்துதான் போடப் போகிறேன்.